தவிட்டுப் பெட்டிக்குள் வலது கை

விடிந்ததும் இந்த நாட்டில் நான் செய்யும் முதல் வேலை தவிட்டுக்குள் கை விடுவது. சுபஹ் தொழுதுவிட்டுக் குசினிக்குப் போவேன். வெள்ளைப் பெட்டியின் மூடியைத் திறந்து வலது கையை மணிக்கட்டு வரைக்கும் இறக்குவேன். அடியில் இருக்கிற தவிட்டை மேலே கொண்டுவர வேண்டும். மேலே இருப்பதை அடிக்கு அனுப்ப வேண்டும். பிறகு மேற்பக்கத்தைத் தடவி, பிள்ளையின் முதுகைத் தட்டுவதுபோல் தட்டி மூட வேண்டும். அலை வந்து போன இடத்து மண் மாதிரி ஈரமாகக் குளிர்ந்திருக்கும். புளித்த மணம் வரும். உள்ளே ஒரு வெள்ளரிக்காய் புதைந்து கிடக்கும். அதைத் தோண்டிக் கழுவி வெட்டினால் சோற்றுக்குத் தொட்டுக்கொள்ளலாம். இந்தத் தவிட்டுப் பெட்டிக்கு நுகாதொகோ என்று பெயர். ஒரு நாள் கை விடாவிட்டால் தவிடு செத்துவிடும் என்கிறார்கள். தவிடு சாகும் என்பதை நான் இங்கே வந்துதான் கேள்விப்பட்டேன்.

தவிடு எனக்குப் புதிதில்லை. கல்முனைக்குடியில் இருந்த காலத்தில் பெட்டி பூட்டிய லேண்ட்மாஸ்டர் உழவு இயந்திரம் ஓட்டினேன். மாவடிப்பள்ளிப் பக்கத்து நெல் ஆலையில் தவிட்டு மூட்டை ஏற்றி, மாடு வளர்க்கிற வீடுகளில் இறக்குவது தொழில். காதுக்குள்ளும் தவிடு இருக்கும், சட்டைப் பைக்குள்ளும் இருக்கும். பின்னேரம் வீட்டுக்குப் போனால் என் மனைவி பஸீலா வாசலில் மறித்துவிடுவாள். "கிணத்தடிக்குப் போய்த்து வாங்க. இல்லாட்டி மாடு ஒங்களத் திண்டிரும்" என்பாள். ஒரு தடவை இறக்காமத்தில் விடியற்புறம் ஒரு கொட்டிலில் மூட்டை இறக்கிக்கொண்டு நின்றேன். வேலிப்பக்கமாக யானை வந்துவிட்டது. ஓடினால் துரத்தும் என்று கேள்வி. ஓடவில்லை. அது தும்பிக்கையை நீட்டி என் கையை மணந்து பார்த்தது. உள்ளங்கை, புறங்கை, விரலிடுக்கு ஒன்றையும் விடவில்லை. நான் அசையாமல் நின்றேன். பிறகு அது ஒரு மூட்டையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டது. மூட்டையை நான் எங்கேயோ ஒளித்துவிட்டேன் என்று வீட்டுக்காரன் சண்டைக்கு வந்தான். கால் தடத்தைக் காட்டிய பிறகுதான் அடங்கினான். கையை அசைக்காமல் நிற்கப் பழகியது அன்றைக்குத்தான். அது பிறகு இங்கே உதவியது.

இப்போது இருப்பது ஜப்பானில், பனி விழுகிற ஒரு சிறிய ஊர். பழைய வாகனங்களை உடைத்துப் பிரிக்கிற யார்டில் வேலை. கதவு தனி, எஞ்சின் தனி, கண்ணாடி தனி. யார்டுக்குள்ளேயே ஒரு நீள அறை. எங்கள் பக்கத்துப் பொடியன்மாரும் நானும் அதில் படுத்தோம். நான் ஊரைவிட்டு வரும்போது மகள் ஹனா தவழத் தொடங்கவில்லை. லீவில் போன நேரங்களில் என்னைக் கண்டு தாய்க்குப் பின்னால் ஒளிந்தாள். பிள்ளைக்குச் சோறு ஊட்டுவதை எங்கள் பேச்சில் தீத்துவது என்போம். அவளுக்கு நான் ஒரு கவளம் தீத்தியதில்லை. குடும்பத்தை இங்கே எடுக்கிற விசாப் பத்திரம் ஒருவழியாகச் சரி வந்தது. அதற்கும் ஒரு தவணை உண்டு. அந்தத் தவணைக்குள் அவர்கள் வந்து இறங்க வேண்டும். இறங்குவதற்கு வீடு வேண்டும். வீடுதான் இல்லை.

வீட்டுத் தரகர்கள் நல்ல மனிதர்கள். தேத்தண்ணி தந்தார்கள். படம் காட்டினார்கள். எந்த நாடு என்று கேட்டார்கள். சொன்னதும் தலையைச் சரித்து, பல்லிடுக்கால் காற்றை உறிஞ்சி, "ச்சொத்தோ" என்றார்கள். அதற்குக் கொஞ்சம் என்று அர்த்தம். கொஞ்சம் என்ன என்று ஒருவரும் சொல்லவில்லை. கடைசியில் ஒரு தரகர் என்னோடு வெளியே வந்து, சுற்றிவரப் பார்த்துவிட்டு, ரகசியமாகக் "கறி" என்றார். கறி வாசம் சுவருக்குள் போய்விடுமாம். பிறகு எத்தனை பூச்சுப் பூசினாலும் வெளியே வராதாம். வீட்டுக்குள் பாம்பு போனதென்று எங்களூரில் பயந்திருக்கிறோம். வாசம் போனதென்று பயந்ததில்லை.

வீடு தேடுவது எனக்கே பழக்கமில்லாத வேலை. எங்கள் பக்கம் வீடு பெண்ணுக்கு. பெண்ணின் தாய் தகப்பன் கட்டிக் கொடுப்பார்கள். மாப்பிள்ளை ஒரு பெட்டியோடு போய் இறங்குவான். நானும் அப்படித்தான் இறங்கினேன். ஆகவே ஒரு பெண்ணுக்கு நான் வீடு எடுப்பது பரம்பரையில் இல்லாத வேலை. பஸீலாவும் அதைச் சொல்லிக் காட்டினாள். "ஒங்கட குடும்பத்துல ஆரும் இதுவரைக்கும் பொஞ்சாதிக்கு வீடு பாத்திரிக்காங்களா? பழக்கமில்லாத வேலைய மெல்லமாச் செய்ங்க. ஆனா கெதியாச் செய்ங்க."

அப்போதுதான் கிமுராசான் யார்டுக்கு வந்தார். பெயருக்குப் பின்னால் சான் என்பது இங்கே மரியாதை. என் தகப்பன் வயது இருக்கும். பாலர் பாடசாலை பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். தன் பழைய வேனை உடைக்கக் கொடுத்துவிட்டு, உடைக்கும்வரை பக்கத்தில் நின்று பார்த்தார். கதவு கழலும்போது குனிந்து வணக்கம் வைத்தார். நானும் குனிந்தேன். அது அவருக்குப் பிடித்துப்போயிற்று. கதைத்துக்கொண்டு வரும்போது, தன் வீட்டுக்குப் பின்னால் ஒரு சிறிய வீடு பூட்டிக் கிடக்கிறது என்றார். மாமியார் கடைசிவரை இருந்து மௌத்தான வீடு. அது தன்னுடையதில்லை, மனைவி சச்சிகோசானுடையது என்றார். எனக்கு உடனே விளங்கிவிட்டது. இந்த நாட்டில் எனக்கு விளக்கம் தேவைப்படாத முதல் விஷயம் அதுதான்.

கிமுராசான் கதைத்ததை எனக்கு விளங்கிய மாதிரி எங்கள் பேச்சில் எழுதுகிறேன். அவர் இதைவிட மரியாதையாகத்தான் கதைத்திருப்பார்.

சச்சிகோசான் அப்போது வீட்டில் இல்லை. மகளின் பிள்ளைப்பேறு பார்க்கத் தூரத்து நகரத்துக்குப் போய்விட்டா. கிமுராசான் ஃபோனில் கேட்டார். அவ யோசித்து ஒரு நிபந்தனை சொன்னா. தான் திரும்பி வரும்வரை அந்த மனிதன் ஞாயிற்றுக்கிழமைகளில் தங்கள் குசினிக்கு வந்து, ஜப்பான் வீட்டுச் சமையல் படிக்க வேண்டும். கிமுரா படிப்பிக்க வேண்டும். வந்ததும் தான் சாப்பிட்டுப் பார்ப்பா. வாசமில்லாமல் சமைக்கத் தெரிந்த குடும்பம் என்று கண்டால் வீட்டைத் தருவா. நான் சம்மதித்தேன். கிமுராசானும் தலையை ஆட்டினார். அவருக்குச் சமைக்கத் தெரியாது என்பதை அவர் மனைவிக்கும் சொல்லவில்லை, எனக்கும் சொல்லவில்லை.

முதல் ஞாயிறு அவர் முயல் படம் போட்ட ஏப்ரன் கட்டிக்கொண்டு நின்றார். எனக்குப் பூனைப் படம் போட்டது. தன் வீட்டுக் குசினியில் ஒவ்வோர் அலுமாரியாகத் திறந்து, களவெடுக்க வந்தவர் மாதிரி சீனி தேடினார். கிடைத்தது உப்பு. ஃபோனை அரிசிப் பெட்டிமேல் சாத்திவைத்து ஒரு வீடியோவைப் போட்டார். அதில் ஒரு பெண் கெதியாகக் கெதியாகச் செய்தா. அவர் நிறுத்தி நிறுத்திப் பார்த்து, அவ சொன்னதை எனக்கு ஒரு வாத்தியார் மாதிரித் திருப்பிச் சொன்னார். முதலில் தாஷி என்கிற தண்ணி. அதற்கு ஒரு பொருளை எடுத்தார். மரத்துண்டு மாதிரி இருந்தது. மணந்து பார்த்தேன். மாசி. எங்கள் வீட்டில் சம்பலுக்கு இடிக்கிற அதே மாசிக் கருவாடு. அதை அவர்கள் மயிர் மாதிரிச் சீவுகிறார்கள். எனக்குப் பெரிய ஆறுதல். இந்த நாடு தூரமில்லை என்று நினைத்தேன். அவர் மாசியைச் சுடுதண்ணியில் போட்டார். கொஞ்ச நேரத்தில் வடித்தார். தண்ணியை வைத்துக்கொண்டு மாசியைக் குப்பையில் போடப் போனார். நான் அவர் கையைப் பிடித்துவிட்டேன்.

பின்னேரம் பஸீலாவிடம் ஃபோனில் சொன்னேன். அவள் நம்பவில்லை.

"மாசிய எறியப் போனாரா?"

"ஓம்."

"தண்ணிய வெச்சாரா?"

"ஓம்."

"மெய்யா? அந்த மனிசனுக்குச் சுகமில்லையா?"

"சுகமாத்தான் இரிக்கார்."

"நீங்க அந்த மாசிய என்ன செஞ்சீங்க?"

"பைக்குள்ள போட்டுட்டு வந்தன்."

"அது நல்ல வேலை. படத்துல ஒங்களுக்குப் பக்கத்துல முயல் உடுப்போட நிக்கிறது ஆரு?"

ஒவ்வொரு ஞாயிறும் சமைத்து முடிந்ததும் கிமுராசான் ஒரு படம் எடுத்து மனைவிக்கு அனுப்புவார். சாட்சிக்கு. அதை எனக்கும் அனுப்புவார், நான் ஊருக்கு அனுப்புவேன். முட்டையைச் சுருட்டிப் பொரிக்கிற நாள் வந்தது. அது பாய் சுருட்டுவதுபோல் சுருட்ட வேண்டும். எங்களூரில் முட்டையை உடைப்போம், பொரிப்போம், தின்போம். சுருட்டுவதில்லை. நான் சுருட்டியது கிழிந்தது. அவர் சுருட்டியது கருகியது. ஒரேயொரு மூலை மட்டும் சரியாக வந்தது. அந்த மூலையைப் பக்கத்தில் வைத்துக் குனிந்து படம் எடுத்தார். சச்சிகோசான் நல்லது என்று பதில் போட்டா. பூசணிக்காய் அவிக்கிற நாள் கிமுராசான் மிரின் என்று ஒரு போத்தல் எடுத்தார். அதில் மதுச்சத்து இருந்தது. கையை நீட்டி மறித்தேன். சரியென்று சீனியும் தண்ணியும் கலந்து ஊற்றினார். பூசணிக்காய் நன்றாகத்தான் வந்தது. சாப்பிட இருந்ததும், எனக்குச் சோறு தொண்டையில் இறங்கவில்லை. அவர்கள் சோற்றில் ஒன்றும் ஊற்றுவதில்லை. வெறும் சோறு. சூப் தனியாக ஒரு கோப்பையில். நான் சூப்பை ஆணம் மாதிரிச் சோற்றில் ஊற்றிப் பிசைந்தேன். கிமுராசான் சாப்பாட்டுக் குச்சியைக் கீழே வைத்துவிட்டார்.

"அப்பிடிப் பூனைக்குத்தான் குடுப்பாங்க" என்றார்.

நான் என் ஏப்ரனில் இருந்த பூனையைக் காட்டினேன். அவர் அதைக் கொஞ்ச நேரம் பார்த்தார். எழும்பிப் போய் யன்னல் திரையை இழுத்து மூடினார். வந்து தன் சூப்பையும் சோற்றில் ஊற்றினார். அன்று அவர் இரண்டாம் தடவை சோறு போட்டுக்கொண்டார். இதை மனைவிக்குச் சொல்ல வேண்டாம் என்றார்.

தவிட்டுப் பெட்டி அந்தக் குசினியின் மூலையில் இருந்தது. கிமுராசான் அதற்குக் கிட்டப் போகும்போதே முகத்தைச் சுளிப்பார். சச்சிகோசான் போகும்போது சொன்ன ஒரேயொரு வேலை, நாள்தோறும் வெறும் கையால் அதைக் கிளற வேண்டும் என்பது. அவர் சோற்றகப்பையால் கிளறினார். மேலே வெள்ளைப் பூஞ்சணம் பிடிக்கத் தொடங்கியிருந்தது. ஏன் கையை விடவில்லை என்று கேட்டேன்.

"அது மாமிட தவிடு" என்றார். "கலியாணம் முடிக்கக்குள்ள சச்சிகோ கொண்டுவந்த. மாமிட கை அதுக்குள்ள இரிக்கி. அவட ருசி அதுதான்."

"மாமி மௌத்தாகிட்டாவே."

"ஓம். கை இரிக்கி."

அகப்பையைக் கழுவிவைத்தார். பிறகு சொன்னார். "கைய உட்டா மாமிட கையப் புடிக்கிற மாதிரி இரிக்கி. எனக்கு ஏலா."

சிரிப்பு வரவில்லை எனக்கு. எங்களூரில் மாமி மருமகனுக்கு முன்னால் வந்து நிற்கமாட்டா. கதவுக்குப் பின்னால் நின்று, சுவரைப் பார்த்துக் கதைப்பா. என் மாமி எனக்குச் சோறு போட்ட காலமெல்லாம் அவவின் வளையல் சத்தம்தான் எனக்குத் தெரியும். அந்தக் கையைப் பிடிப்பது என்றால் நானும் ஓடித்தான் இருப்பேன். ஆனால் இந்தப் பெட்டிக்குள் இருப்பது எனக்கு மாமி இல்லை. அதை அவரும் கணக்குப் பண்ணித்தான் வைத்திருந்தார்.

"நீங்க கையால சாப்பிடுற ஆள்" என்றார். "ஒங்களுக்கு இது லேசு."

பெட்டி செத்தால் வீடு இல்லை. வெள்ளைப் பூஞ்சணத்தை வழித்துப் போட்டுவிட்டுக் கையை விட்டேன். அன்றிலிருந்து வேலைக்குப் போகும் வழியில் சைக்கிளை நிறுத்தி, அவர் வீட்டுப் பின்கதவால் போய்க் கிளறிவிட்டுப் போனேன். சில நாட்களில் தவிடு தேறியது. கத்தரிக்காய் புதைத்தோம். முள்ளங்கி புதைத்தோம். கிமுராசான் ஒவ்வொன்றையும் வெட்டிப் படம் எடுத்து அனுப்பினார். படத்தில் என் கை வராமல் பார்த்துக்கொண்டார்.

ஒரு நாள் அவர் பியர் டின்னோடு வந்தார். கொஞ்சம் பியர் ஊற்றினால் தவிடு இன்னும் உயிர் பிடிக்கும் என்று வீடியோவில் சொன்னதாம். நான் இரண்டு கையாலும் பெட்டியை மூடிக்கொண்டேன்.

"குடிக்கிறது தவிடுதானே. நீங்க இல்லையே" என்றார்.

"தவிட்டத் திங்கிறது நான்" என்றேன்.

அவர் யோசித்துப் பார்த்து, அதிலும் நியாயம் இருக்கிறது என்று தானே குடித்தார். ஆனால் எனக்கு வேறொரு யோசனை வந்துவிட்டது. இவ்வளவு காலத்தில் வேறு யாராவது ஊற்றியிருந்தால்? பஸீலாவின் தம்பி மௌலவி. அவனுக்கு ஃபோன் எடுத்தேன். தவிடு, வெள்ளரிக்காய், மாமி, பியர் எல்லாவற்றையும் விளங்கப்படுத்தினேன். அவன் திருப்பியும் ஒரு தடவை சொல்லச் சொன்னான்.

"மச்சான், நீங்க அங்க வாகனம் ஒடைக்கப் போனதா, மாட்டுத் தீனி கலக்கப் போனதா?"

"ரெண்டும். நீ இதச் செல்லு."

"மனிசிட்டக் கேட்டுத்தான் செல்லலாம். ஊத்தினதா, ஊத்தலையா? தெரியாம எப்பிடி நான் செல்ற?"

ஆகவே கிமுராசான் மனைவிக்கு ஃபோன் எடுத்து, உன் தாயின் தவிட்டில் எப்போதாவது பியர் ஊற்றினீர்களா என்று கேட்க வேண்டி வந்தது. ஏன் கேட்கிறாய் என்று அவ கேட்டா. இவருக்கு நல்ல பொய் வரவில்லை. சும்மா, தாகமாக இருந்தது என்றார். பிறகு அவ சொன்னா, தகப்பன் குடிகாரர், தாய் அந்த வாசத்தையே வெறுத்தவ, ஒரு சொட்டும் அதற்குள் போனதில்லை என்று. எனக்கு நிம்மதி. சச்சிகோசானுக்கு நிம்மதி போயிற்று. திரும்பி வருகிற நாளை முன்னுக்கு எடுத்துவிட்டா.

அதற்குப் பிறகு நடந்ததைத்தான் நாங்கள் இருவரும் எதிர்பார்க்கவில்லை. ஒரு காலை கிமுராசான் வெள்ளரிக்காய்த் துண்டு ஒன்றை வாயில் போட்டு, மென்று, நிறுத்தி, மறுபடி மென்றார். "நல்லாரிக்கி" என்றார். பிறகு "ச்சொத்தோ" என்றார். வீட்டுத் தரகர்கள் சொன்ன அதே சொல். நானும் ஒரு துண்டு தின்றேன். புளிப்பு இருந்தது. உப்பு இருந்தது. அதற்குப் பின்னால், நாக்கின் அடியில், சீரகம் இருந்தது. உள்ளியும் தேங்காயெண்ணெயும் கொஞ்சம் கருவாடும் இருந்தது. கல்முனைக்குடியில் ஒரு பகல் சோறு அப்படியே அந்த வெள்ளரிக்காய்க்குள் இருந்தது.

யார்டு அறையில் நாங்கள் சமைக்கிறோம், கையால் தின்கிறோம். சவர்க்காரம் போட்டுக் கழுவித்தான் போனேன். தவிடு அதற்கும் உள்ளே போய் எடுத்திருக்கிறது. கையில் ருசி உண்டு என்று எங்களூரில் சமைக்கிற பெண்களைப் புகழ்ந்து சொல்வோம். கைப்பக்குவம் என்போம். அது இப்படிக் கழன்று ஒரு பெட்டிக்குள் விழும் என்று நினைத்ததில்லை. சுவருக்குள் போகிற வாசத்துக்கே வீடு தரமாட்டார்கள். நான் அவவின் தாய்க்குள் போட்டுவிட்டேன்.

கிமுராசான் என் கையை எலுமிச்சம்பழத்தால் தேய்த்தார். பற்பசை பூசினார். தேயிலைத் தண்ணியில் ஊறவைத்தார். பிறகு அவருக்கு ஒரு நல்ல யோசனை வந்தது. "கறிக்கு வலது கை. தவிட்டுக்கு இடது கை. பிரிச்சுப் போடுவம்" என்றார். நான் மாட்டேன் என்றேன். ஏன் என்று கேட்டார். இடது கை எதற்கு என்று அவருக்குச் சைகையால் விளங்கப்படுத்தினேன். விளங்கியதும், தயவுசெய்து இடது கையை விட வேண்டாம் என்று அவரே குனிந்து கேட்டுக்கொண்டார்.

கடைசி வழியாக, கையால் சாப்பிடுவதை விட்டேன். யார்டு அறையில் பருப்பையும் சோற்றையும் குச்சியால் தின்றேன். பொடியன்மார் சுற்றிவர நின்று பார்த்தார்கள். என்னை அண்ணன் முறையில் காக்கா என்று கூப்பிடுகிற சாய்ந்தமருதுப் பொடியன் றிஸ்வான்தான் தொடங்கினான்.

"என்ன காக்கா, கைக்கு நோன்பா?"

"ஓம்."

"எப்ப பெருநாள்?"

"வீடு கெடச்சா."

"அப்ப எங்களுக்குப் புரியாணி இரிக்கி. குச்சியால தருவீங்களா, கையால தருவீங்களா?"

பருப்பு குச்சியில் நிற்கவில்லை.

கிமுராசானும் தன் பங்குக்கு ஒன்று செய்தார். என் கை ருசியை அடக்க வேறொரு கை வேண்டும் என்று அவருக்குத் தோன்றியது. ஒரு காலை சட்டைக் கையை மடித்தார். கண்ணை மூடினார். மாமியிடம் மன்னிப்புக் கேட்டார். கையை உள்ளே விட்டார். என் கையும் உள்ளே இருந்தது. எங்கள் கலியாண வீடுகளில் ஒரு சஹனைச் சுற்றி ஆட்கள் இருந்து, ஒரே தட்டில் கை போட்டுத் தின்போம். தெரியாத மனிதனின் விரல் என் விரலில் முட்டும். இறைச்சித் துண்டைத் தள்ளிவிடுவான், நானும் தள்ளிவிடுவேன். அதே மாதிரித் தவிட்டுக்குள் அவர் விரல் முட்டியது. "இது மாமியா?" என்று பயந்து கேட்டார். "இல்ல. நான்" என்றேன். ஒரு முள்ளங்கி என் கையில் பட்டது. அவர் பக்கம் தள்ளிவிட்டேன்.

சச்சிகோசான் வந்தா. மெலிந்த, கண்ணாடி போட்ட பெண். வந்து பயணப் பெட்டியையும் கீழே வைக்கவில்லை, குசினிக்குள் எட்டிப் பார்த்தா. அன்று நான் சமைத்தேன். மிசோ சூப், பூசணிக்காய், வெறும் சோறு, அடுப்பில் சுட்ட மீன். மீன் சுட்ட புகை வீடு முழுக்க நிறைந்து, திரைச்சீலை, மெத்தை, அவவின் தலைமயிர் எல்லாவற்றிலும் ஏறியது. கல்முனைக்குடிக் கடற்கரையில் வள்ளம் வந்த நேரம் மாதிரி மணத்தது. ஒருவரும் யன்னலைத் திறக்கவில்லை. நல்ல வாசம் என்றா. முட்டையைச் சுருட்டாமல் விட்டிருந்தேன். சூப்பைக் குடித்தா. தலையை ஆட்டினா. பூசணிக்காயைத் தின்றா. தலையை ஆட்டினா. கிமுராசான் மேசைக்குக் கீழே என் காலைத் தட்டினார். பிறகு அவ வெள்ளரிக்காய்த் துண்டை எடுத்தா.

மென்றா. நிறுத்தினா.

"இது ஆருட கை?"

"என்ட கை" என்றார் கிமுராசான்.

அவ அவர் கையை இழுத்து மணந்து பார்த்தா. "இது சவர்க்காரம்" என்று திருப்பிக் கொடுத்தா. பிறகு என்னைப் பார்த்தா. நான் அந்நியப் பெண்ணுக்குக் கை கொடுப்பதில்லை என்பது அவவுக்குத் தெரிந்திருந்ததோ என்னவோ, தொடவில்லை. நான் மேசைமேல் கையை வைத்தேன். அவ குனிந்து, கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, உள்ளங்கையை மணந்தா. திருப்பச் சொன்னா. புறங்கையை மணந்தா. விரலிடுக்கை மணந்தா. நான் இறக்காமத்தில் நின்ற மாதிரி அசையாமல் இருந்தேன். மகளின் முகம்தான் மனதில் இருந்தது. வீடு போய்விட்டது என்று முடிவெடுத்துவிட்டேன்.

அவ நிமிர்ந்து இன்னொரு துண்டு தின்றா. மெல்லமாக மென்றா.

"இதுக்குள்ள எங்கட உம்மா இல்ல" என்றா.

நான் தலையைக் குனிந்தேன். தெரிந்த மன்னிப்புச் சொல் எல்லாவற்றையும் சொன்னேன். கிமுராசானும் குனிந்தார். இருவரும் குனிந்தபடி கிடந்தோம். அவ எங்களைப் பார்க்கவில்லை. கோப்பையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தா.

"உம்மா போய்க் கனகாலம்" என்றா. "வருசா வருசம் நான்தான் புதுத் தவிடு போட்டன். இவ்வளவு நாளும் என்ட கையத் திண்டுட்டு உம்மா, உம்மா எண்டு செல்லிரிக்கன் போல."

கிமுராசான் ஏதோ சொல்ல வாயெடுத்தார். அவ கையைக் காட்டி நிறுத்தினா. எழும்பிப் போய் ஒரு புதுப் பெட்டி எடுத்துவந்தா. தவிட்டை நடுவால் பிளந்து, பாதியை அதில் போட்டா. அதை என் பக்கம் தள்ளினா.

"வாசம் சுவருக்குள்ள போயிரும் எண்டுதான் பயந்த" என்றா. "அது ஊறுகாய்க்குள்ளயே போயிட்டு. இனிச் சுவர் என்னத்துக்கு? நீங்க கறி ஆக்குங்க. ஆனா ஒவ்வொரு நாளும் இதுக்குள்ள கை உட வேணும். உடாட்டி வீடு இல்ல."

பிறகு புருஷனைப் பார்த்தா. "சோத்துல சூப் ஊத்தித் திண்டயா?" என்று கேட்டா. மேசையில் அவர் கோப்பை அப்படித்தான் இருந்தது. பயத்தில் தன்னை அறியாமல் ஊற்றியிருந்தார்.

பஸீலாவும் மகளும் தவணைக்குள் வந்து இறங்கினார்கள். பஸீலா வந்ததும் வீட்டைச் சுற்றிப் பார்த்தாள். "இது ஆருட பேருல?" என்று கேட்டாள். சச்சிகோசானின் பேரில் என்றேன். எப்படியோ ஒரு பெண்ணின் பேரில் இருக்கிறது என்று அவளுக்குத் திருப்தி. அன்று பகலே தேங்காய்ப்பால் விட்டு மீன் ஆணம் காய்ச்சினாள். வேலிக்கு அப்பால் கிமுராசான் வந்து நின்று மூச்சை இழுத்தார். அவர் மனைவி கூப்பிட்டதும் போனார். சச்சிகோசான் தன் பாதித் தவிட்டுக்குப் புதுத் தவிடு போட்டுப் போட்டுப் பார்க்கிறா. சீரகம் போகவில்லை என்று வேலிக்கு மேலால் எனக்குக் குறை சொல்கிறா. முந்தியெல்லாம் ஒன்றுதான் புதைப்பா, இப்போது இரண்டு வெள்ளரிக்காய் புதைக்கிறா என்று கிமுராசான் சொன்னார்.

முதல் நாள் சாப்பாட்டுக்குப் பாய் விரித்து இருந்தோம். கை நோன்பு முடிந்தது. சோற்றில் ஆணத்தை ஊற்றிப் பிசைந்து, முள் பார்த்து, ஒரு கவளம் உருட்டி மகளுக்கு நீட்டினேன். எத்தனை வருசத்துக் கவளம். அவள் வாயைத் திறந்துகொண்டு வந்தாள். கிட்ட வந்ததும் மூடிக்கொண்டாள்.

"சீ, வாப்பா. ஒங்கட கை புளிச்ச மணம்."

"கழுவினன் மகள்."

"இல்ல. வேற ஆருடயோ கை மாதிரி இரிக்கி. உம்மா, நீங்க தீத்துங்க."

பஸீலா என் கையை இழுத்து மணந்து பார்த்தாள். இந்த வருசம் என் கையை மணந்தவர்களில் அவள் இரண்டாவது பெண். கையை விட்டாள். "தின்னு மகள். வாப்பாட கைதான்" என்றாள்.

மகள் என்னைப் பார்த்தாள், கவளத்தைப் பார்த்தாள். ஒரு கையால் மூக்கை இறுக்கிப் பொத்திக்கொண்டு வாயைத் திறந்தாள். தீத்தினேன்.

காலையில் கிளறுவதற்கு இடது கையை விடலாம். மனம் வராது. அவளுக்குத் தீத்துவதற்கும் இடது கையை நீட்ட ஏலாது. இருப்பது ஒரு வலது கை. விடிந்ததும் அதைத் தவிட்டுக்குள் விடுகிறேன். பின்னேரம் அதையே மகளிடம் நீட்டுகிறேன். அவள் இன்னும் மூக்கைப் பொத்திக்கொண்டுதான் வாயைத் திறக்கிறாள்.